ஓஹாராவில் ஒரு மழை நாள்: காதிலிருந்து இயர்போனை எடுத்த பிறகு நடந்தது

போன ஜூன் மாத நடுவில் ஒரு சனிக்கிழமை, ஒசாகாவிலும் கோபேயிலும் குடியிருக்கும் நாங்கள் 9 பேர், கியோத்தோவின் வடகிழக்கு ஓரத்தில் இருக்கும் ஓஹாரா கிராமத்துக்கு ஒரு நாள் நடைப்பயணம் போனோம். உடன் ஒரு வழிகாட்டி. ஏற்பாடு முழுக்க என்னுடையது. காலை நேரம் சரியாக அமையவில்லை. மத்தியானத்துக்கு மேல் நாங்கள் எதிர்பார்த்ததைவிட நன்றாக அமைந்தது. ஊர் அதுவேதான், ஆட்களும் அவர்களேதான், மழைகூட விட்டு விட்டுப் பெய்துகொண்டே இருந்தது. பிறகு எது மாறியது? அன்று கைப்பேசியில் குறித்துவைத்த நேரங்களையும், ஒரு வாரம் கழித்து ஒவ்வொருவரிடமும் தனித்தனியாகக் கேட்டறிந்ததையும் வைத்து இதை எழுதுகிறேன். அமைதியான கோவில்களுக்குக் கூட்டமாக ஆட்களை அழைத்துப்போகிறவர்களுக்கு இது உதவும்.

ஊரும் அதன் ஓசையும்

ஓஹாரா ஹியெய் மலையின் மேற்கு அடிவாரத்தில் இருக்கும் சின்னப் பள்ளத்தாக்கு. மலைமேல் தெந்தாய் பௌத்தப் பிரிவின் தலைமைக் கோவிலான என்ரியாகு-ஜி இருக்கிறது. அங்கேயும் ஆரவாரம் மிகுந்துவிட்டது என்று நினைத்த துறவிகள் இறங்கி வந்து குடில் போட்ட இடம் இது. கியோத்தோ ரயில் நிலையத்திலிருந்து 17-ஆம் எண் பேருந்தில் வந்தால் ஒரு மணி நேரம் போல ஆகும். நாங்கள் சுரங்க ரயிலில் வடக்குக் கடைசி நிலையமான கொகுசாய்கைகான் வரை போய், அங்கிருந்து 19-ஆம் எண் பேருந்தைப் பிடித்தோம். சுரங்க ரயிலுக்கும் பேருந்துக்கும் சேர்த்து 1100 யென்னுக்குக் கிடைக்கும் ஒரு நாள் சீட்டே ஓஹாரா வரை செல்லும்.

பேருந்து நிலையம் பள்ளத்தாக்கின் நடுவில் இருக்கிறது. கிழக்கே ஓடையோரமாகப் பத்து நிமிடம் ஏறினால் சான்ஸென்-இன். அதை ஒட்டியே ஜிக்கோ-இன், ஷோரின்-இன், ஹோசென்-இன். இன்னும் மேலே ரைகோ-இன், அதற்கும் மேலே ஒதொனாஷி அருவி. மேற்கே தகானோ ஆற்றைத் தாண்டி வயல் வழியாகக் கால் மணி நேரம் போனால் ஜக்கோ-இன். பெயர்களின் கடைசியில் வரும் ‘இன்’ என்பதை மடம் என்று வைத்துக்கொள்ளலாம்.

பெரும்பாலானவர்கள் ஓஹாராவுக்கு வருவது பாசி படர்ந்த தோட்டங்களைப் பார்க்க. ஆனால் இந்த ஊர் பெயர் பெற்றதே ஓசையால்தான். பௌத்தச் சூத்திரங்களை இசையோடு ஓதும் ஷோம்யோ என்ற மரபுக்கு ஜப்பானில் இதுவே தாய்வீடு. 838 முதல் 847 வரை சீனத்தில் தங்கிப் படித்த என்னின் என்ற துறவி அந்த ஓதும் முறையைக் கொண்டுவந்தார். பின்னால் வந்த ரியோனின் (1073–1132) பல கிளைகளாகப் பிரிந்து கிடந்ததை இங்கே உட்கார்ந்து ஒழுங்குபடுத்தினார். ரைகோ-இன்னை 1109-இல் எழுப்பியவரும் அவர்தான். சான்ஸென்-இன்னின் தெற்கே ஓடும் ஓடைக்கு ரியோ என்றும், வடக்கே ஓடுவதற்கு ரிட்சு என்றும் பெயர். இரண்டும் ஷோம்யோவின் இரண்டு சுர வரிசைகளின் பெயர்கள். ஒருவர் நாக்குக் குழறிப் பேசினால், ‘ரொரெட்சு சுழலவில்லை’ என்று ஜப்பானியர் சொல்வார்கள். அந்த ரொரெட்சு இந்த ரியோவும் ரிட்சுவும் மருவிய சொல்தான்.

ஏட்டில் இருக்கும் அடிப்படை ஐந்து சுரங்களை மட்டும் எடுத்துப் பார்த்தால் ரியோ நம் மோகனம், ரிட்சு நம் சுத்த சாவேரி. எங்களோடு வந்த ஓர் அக்கா சிறுவயதிலிருந்து பாட்டுப் படித்தவர். வழிகாட்டி சுரங்களைச் சொல்லச் சொல்ல அவர் முணுமுணுத்துப் பார்த்து முகம் மலர்ந்ததை நான் பார்த்தேன். உண்மையான ஓதல் அவ்வளவு எளிதாக ராகக் கணக்கில் அடங்காது, அதில் சுரத்தைவிட இழைவும் அசைவும் அதிகம். ஆனாலும் ஐந்து சுரம் நமக்குத் தெரிந்த இடத்தில் வந்து நிற்கும்போது, ஊர் சட்டென்று பக்கத்து ஊராகிவிடுகிறது.

இதையெல்லாம் தெரிந்துகொண்டுதான் நான் திட்டம் போட்டேன். தெரிந்தும் அந்தத் தவற்றைச் செய்தேன்.

திட்டம்

6 கோவில்கள், ஒரு அருவி. எட்டு ஐம்பதுக்கு ஓஹாராவில் இறங்கி, மாலை மூன்றரைக்குத் திரும்பும் பேருந்து. ஒவ்வொரு கோவிலுக்கும் 20 முதல் 50 நிமிடம். நுழைவுக் கட்டணம் ஒவ்வொன்றுக்கும் தனி, சான்ஸென்-இன்னுக்கு மட்டுமே 700 யென். ‘இவ்வளவு செலவழித்து, இவ்வளவு தூரம் வந்து, பாதியை விட்டுவிட்டுப் போவதா?’ என்ற எண்ணம் திட்டம் போடுகிற எல்லோருக்கும் வரும். எனக்கும் வந்தது.

வழிகாட்டி அறுபது வயதைத் தாண்டிய பெண்மணி, உரிமம் பெற்றவர், ஆங்கிலத்தில் தெளிவாகப் பேசுபவர். 9 பேருக்கும் அவர் குரல் கேட்க வேண்டும், கோவிலுக்குள் சத்தமாகப் பேசவும் கூடாது என்பதால், கழுத்தில் தொங்கவிட்டு ஒரு காதில் இயர்போன் மாட்டிக்கொள்ளும் ரிசீவர்களை வாடகைக்கு எடுத்தேன். ஜப்பானில் குழுப் பயணங்களில் இது சாதாரணம். அவர் வாயருகே சின்ன மைக், எங்கள் காதில் அவர் குரல். நல்ல யோசனையாகத்தான் தெரிந்தது.

குழுவில் 12 வயதுப் பையன் ஒருவன் இருந்தான். நண்பர் ஒருவரின் அம்மாவும் வந்திருந்தார். ஊரிலிருந்து மூன்று மாதம் தங்க வந்தவர், வயது 68, முழங்கால் வலி. ஆங்கிலம் பேச்சு அவ்வளவாகப் பிடிபடாது என்று ரிசீவர் வேண்டாமென்றுவிட்டார். இதை இங்கே குறிப்பதற்குக் காரணம் இருக்கிறது.

காலை

சான்ஸென்-இன் ஒன்பதுக்குத் திறந்ததும் உள்ளே போனோம். கூட்டமே இல்லை. ஷூஹெகி-என் என்ற குளத் தோட்டத்தைத் தாழ்வாரத்தில் உட்கார்ந்து பார்க்க வேண்டும். உட்கார்ந்தோம். காதில் 17-ஆம் நூற்றாண்டுத் தேநீர் ஆசான் கனமோரி சோவாவைப் பற்றிய செய்தி ஓடியது. அடுத்து யூசெய்-என். நெடிதுயர்ந்த செடார் மரங்கள், தரையெங்கும் பாசி, பாசிக்குள் பாதி புதைந்து சிரிக்கும் சின்னக் கல் ஜிஸோ பொம்மைகள். காதில், இக்கோவில் மெய்ஜி காலத்தில் (1868–1912) இந்த இடத்துக்கு வந்தது, பழைய காலத்தில் அரச குடும்பத்தார் தலைமை ஏற்ற மடம் என்ற விவரங்கள். எல்லாம் உண்மை, எல்லாம் நன்றாகச் சொல்லப்பட்டவை. ஒரு வாரம் கழித்துக் கேட்டபோது, இவற்றில் ஒன்றுகூட ஒருவர் வாயிலிருந்தும் வரவில்லை.

ஒரே ஒரு இடத்தில் ரிசீவர் பெரிதும் உதவியது. தோட்டத்தின் நடுவே இருக்கும் ஓஜோ கொகுராகு-இன் என்ற சிறிய மண்டபத்தில், 1148-இல் செய்த அமிதா புத்தரும் இரு பக்கத் துணைவர்களும் இருக்கிறார்கள். சிலைகளுக்கு மண்டபம் போதாது. அதனால் கூரையின் உட்புறத்தைப் படகைக் கவிழ்த்த மாதிரி மேலே குடைந்து கட்டியிருக்கிறார்கள். அங்கே பணியில் இருந்த துறவி ஜப்பானிய மொழியில் விளக்கினார். வழிகாட்டி குரல் எழுப்பாமல் எங்கள் காதில் மொழிபெயர்த்தார். பக்கத்தில் இருக்கும் கன்னோனும் செய்ஷியும் சம்மணம் போட்டு உட்காரவில்லை, முழங்காலிட்டு லேசாக முன்னால் சாய்ந்திருக்கிறார்கள். இறக்கும் மனிதரை அழைத்துப்போக எழுந்திருக்கப்போகும் நொடி அது. இதைச் சொல்லாமல் விட்டிருந்தால் எங்களில் பாதிப் பேர் கவனித்திருக்க மாட்டோம். ஆகவே ரிசீவரே கூடாது என்பது என் முடிவு அல்ல.

சான்ஸென்-இன்னிலிருந்து வெளியே வரும்போது 15 நிமிடம் தாமதம். ஜிக்கோ-இன்னில் வருகையை அறிவிக்க வாசலில் தொங்கும் தட்டு மணியை அடித்துவிட்டு உள்ளே போக வேண்டும். பையன் அடித்தான். உள்ளே 20 நிமிடம், தோட்டத்தைப் பார்த்தபடி தேநீர், ‘சீக்கிரம் குடிங்க’ என்று நான் இரண்டு தரம் சொன்னேன். அடுத்து ஷோரின்-இன்.

1013-இல் தொடங்கப்பட்ட ஷோரின்-இன் ஓதல் மரபின் முக்கியமான இடம். 1186-இல் ஹோனென் என்ற துறவி மற்றப் பிரிவு அறிஞர்களோடு வாதாடியது இங்கேதான். அமிதாவின் பெயரைச் சொன்னாலே எவருக்கும் மோட்சம் உண்டு என்பது அவர் பக்கம். இப்போதிருக்கும் பெரிய மரக் கட்டடம் 18-ஆம் நூற்றாண்டில் திரும்பக் கட்டியது. மண்டபத்தில் ஒரு பொத்தானை அழுத்தினால் பதிவு செய்த ஷோம்யோ ஒலிக்கும். அழுத்தினோம். ஒலித்தது. வழிகாட்டி ஹோனெனைப் பற்றித் தொடர்ந்து பேசினார், ஏனென்றால் அவருக்கு நான் கொடுத்த நேரம் 15 நிமிடம், சொல்ல வேண்டியதோ நிறைய. அவர்மேல் துளியும் பிழையில்லை.

வெளியே வந்தோம். நண்பரின் அம்மா படி ஏற முடியாமல் வாசலருகே குடையோடு உட்கார்ந்திருந்தார். என்னைப் பார்த்ததும் கேட்டார்: “உள்ள யாருப்பா ஓதினது? ரொம்ப நேரம் மூச்சு விடாம இழுத்தாங்களே. தண்ணி சத்தமும் அதுவும் ஒண்ணாவே கேட்டுச்சு.”

“பதிவும்மா அது, ஆள் இல்ல.”

“இருக்கட்டும் தம்பி. நல்லா இருந்துச்சு.”

நான் ஒன்றும் சொல்லவில்லை. உள்ளே நின்ற எங்கள் எட்டுப் பேருக்கும் அந்த ஓதல் பின்னணிச் சத்தம். ஆயிரம் வருஷமாக ஓதிவரும் இடத்தில் ஓதலைக் கேட்டது, காதில் எதையும் மாட்டாத, மண்டபத்துக்குள்ளேயே வராத ஒருவர் மட்டும்தான்.

சாப்பாட்டு வேளையில் எடுத்த முடிவு

ஹோசென்-இன் வாசலில் ஒரு பெரிய குழு காத்திருந்தது. மழையும் வலுத்தது. சாப்பாட்டை முன்கூட்டியே வைத்துக்கொண்டோம். எங்களில் இருவர் சைவம். ஜப்பானில் சைவம் என்றால் மீன் துண்டு இல்லை என்பதோடு முடியாது. சூப்பிலும் சோபா நூடுல்ஸ் குழம்பிலும் கத்சுஓ மீன் சாறுதான் அடிப்படை. அதனால் வீட்டிலிருந்தே உமெபோஷி என்ற உப்புப் பழ ஊறுகாய் வைத்த ஒனிகிரி சோற்று உருண்டைகளைக் கட்டிக்கொண்டு போயிருந்தோம். வழியில் கடையில் ஷிபாஸுகே வாங்கினோம். கத்தரிக்காயையும் சிவப்பு ஷிசோ இலையையும் உப்பில் புளிக்கவைக்கும் இந்த ஊர் ஊறுகாய், கருஞ்சிவப்பாக இருக்கும். புளிக்கவைத்ததுதான் மரபுவழி. சுவை நீரில் ஊறவைத்ததும் விற்கிறார்கள், சைவர்கள் பொட்டலத்தின் பின்பக்கம் பார்த்து வாங்க வேண்டும். அம்மா ஒரு துண்டைக் கடித்துவிட்டு, “நம்ம வடுமாங்கா தண்ணி மாதிரி நெஞ்சுவரைக்கும் போவுது” என்றார்.

சாப்பிடும்போது அம்மா கேட்டதை வழிகாட்டியிடம் சொன்னேன். அவர் சிறிது நேரம் பேசாமல் இருந்தார். பிறகு, தனியாக நடக்கும்போது தான் இந்த ஊரில் எதையும் சொல்லிக்கொள்வதில்லை என்றும், குழுவோடு வரும்போது மௌனமாக இருந்தால் வேலை செய்யாத மாதிரி ஆகிவிடுமோ என்று பயமாக இருக்கிறது என்றும் சொன்னார். எனக்கு அது நெஞ்சில் தைத்தது. அந்தப் பயத்தை அவருக்குக் கொடுத்ததே என் நேர அட்டவணை.

அங்கேயே மூன்று முடிவுகள் எடுத்தோம். ரிசீவர்களைப் பைக்குள் போட்டுவிடுவது. ரைகோ-இன்னை விட்டுவிடுவது. கதைகளையெல்லாம் வழியில் நடக்கும்போதே சொல்லி, வாசலுக்கு முன்னால் முடித்துவிடுவது. உள்ளே யாராவது கேட்டால் மட்டும் பதில். கடைசி முடிவு வழிகாட்டியின் யோசனை. இந்த நிகழ்விலிருந்து எடுத்துக்கொள்ள ஒன்றே ஒன்று உண்டென்றால் அது இதுதான் என்று நான் நினைக்கிறேன்.

மத்தியானம்

ஒதொனாஷி அருவிக்கு மரங்களுக்குள் போகும் பாதை. இந்த மலைகளில் கரடி உண்டு என்பதால் வழிகாட்டியின் பையில் சின்ன மணி தொங்கும். நடக்கும்போது கிணுகிணு என்றபடியே வந்தது. ரியோனின் இந்த அருவியின் முன்னால் ஓதிப் பழகும்போது, நீரின் ஓசையும் அவர் குரலும் ஒன்றாகி, அருவியின் சத்தமே இல்லாமல் போனது என்று ஒரு கதை. ஒதொனாஷி என்றால் ஓசையற்றது. கதையை வழியிலேயே சொல்லி முடித்துவிட்டார். அருவியருகே வந்ததும் பையிலிருந்த மணியைக் கையில் பொத்திக்கொண்டார்.

மழை நீரால் அருவி பெருகியிருந்தது, ஓசையற்றுப்போக வாய்ப்பேயில்லை. ஆனால் நேராக விழாமல் பாறைமேல் விரிந்து வழுக்கி இறங்குவதால், அது இரைச்சலாக இல்லை, இடைவிடாத ஒற்றை மூச்சாக இருந்தது. பையன் கண்ணை மூடிக்கொண்டு நின்றான். யாரும் அவனுக்குச் சொல்லவில்லை.

ஹோசென்-இன்னில் இப்போது கூட்டம் குறைந்திருந்தது. 30 நிமிடம் என்று எழுதியிருந்த இடத்தில் 50 நிமிடம் இருந்தோம். அறையின் தூண்களும் மேல் உத்தரமும் சட்டம் போட்ட மாதிரி நிற்க, அதற்குள் சுமார் 700 வயதான ஐந்திலைப் பைன் மரம். அடிமரமும் கிளைகளும் மட்டுமே தெரியும், தலை தெரியாது. பக்கத்துச் சட்டத்தில் மூங்கில் தோப்பு. தலைக்குமேல் இருந்த பலகைகள் 1600-இல் விழுந்த ஃபுஷிமி கோட்டையின் தரைப் பலகைகள். முற்றுகையில் மாண்ட வீரர்களின் இரத்தக் கறை படிந்தவை. அவர்கள்மேல் இனி யாரும் கால் வைக்கக்கூடாது என்று அவற்றைக் கூரையாக்கினார்கள். இதையும் வாசலுக்கு வெளியிலேயே சொல்லிவிட்டதால், உள்ளே வந்தவர்கள் ஒவ்வொருவராகத் தாமே நிமிர்ந்து பார்த்தார்கள். யாரும் கையை நீட்டிக் காட்டவில்லை.

இங்கே சுயிகின்குட்சு என்று ஒன்று உண்டு. அடியில் துளையிட்ட பானையை மண்ணுக்குள் கவிழ்த்துப் புதைத்து, மேலேயிருந்து நீர் சொட்டவிட்டால், உள்ளே துளி விழும் ஓசை பானையில் எதிரொலித்து வீணைத் தந்தியைச் சுண்டின மாதிரி வரும். மூங்கில் குழாயில் காது வைத்துக் கேட்க வேண்டும். ஹோசென்-இன்னில் குழாய் இரண்டு, ஒவ்வொன்றிலும் ஓசை வேறு. அம்மாவைக் கைபிடித்துக் கூட்டிப்போனேன். ஒரு குழாயில் காதை வைத்தார். நேரம் போனது. மறு குழாய்க்கு மாறினார். திரும்ப முதல் குழாய்க்கு வந்தார். அவருக்குப் பின்னால் நாலு பேர் காத்திருந்தார்கள். ஒருவரும் அவசரப்படுத்தவில்லை. காலையில் என்றால் நானே அவசரப்படுத்தியிருப்பேன்.

பிறகு பள்ளத்தாக்கைக் குறுக்காகக் கடந்து மேற்கே. சிவப்பு ஷிசோ வயல்கள், நீர் நிறைந்த நெல் நாற்றங்கால்கள், தவளைச் சத்தம். இந்த அரை மணி நேரத்தில் வழிகாட்டி கென்ரெய்மொன்-இன் என்ற அரசியின் கதையைச் சொன்னார். தைரா குலத் தலைவர் கியோமோரியின் மகள், பேரரசரின் மனைவி, பேரரசர் அந்தோகுவின் தாய். 1185-இல் தன்னோஊரா கடற்போரில் குலம் அழிந்தபோது, ஆறு வயதுக் குழந்தை அந்தோகு பாட்டியின் கையில் கடலில் மூழ்கினான். தாயும் குதித்தாள், எதிரிகள் அவளை மட்டும் இழுத்துக் கரைசேர்த்தார்கள். துறவு பூண்டு ஜக்கோ-இன்னுக்கு வந்து, மகனுக்காகவும் குலத்துக்காகவும் வேண்டியபடியே மீதி வாழ்நாளைக் கழித்தாள். 1186-இல் மாமனார் கோ-ஷிராகவா மலை கடந்து வந்து பார்த்தார். தைரா குலத்தின் எழுச்சியையும் வீழ்ச்சியையும் பாடும் ஹெய்கே காவியத்தின் கடைசிப் பகுதியில் இந்தச் சந்திப்பு வருகிறது. ஆற்றுக்கு அந்தப் பக்கம் ஹோனென் வாதாடியதும் அதே 1186-தான். காலையில் கேட்ட வருடம் அப்போதுதான் எனக்குப் பொருள்பட்டது.

ஜக்கோ-இன் மண்டபம் 2000 மே 9 அன்று யாரோ வைத்த தீயில் எரிந்துபோனது. 2005-இல் திரும்பக் கட்டினார்கள். காவியத்தில் வரும் பைன் மரமும் கருகிப் பிறகு பட்டுப்போய், அடிமரம் மட்டும் நிற்கிறது. கல் படிகளுக்கு முன்பே வழிகாட்டி பேச்சை நிறுத்திவிட்டார். அம்மா இந்தப் படிகளை மட்டும் ஏறினார், இடையில் மூன்று முறை நின்று. கதையை நான் வழியில் தமிழில் சொல்லியிருந்தேன். அடிமரத்தின் முன் நின்று, “இவ்வளவு நடந்த பிறகும் விளக்கேத்திட்டு உட்கார்ந்திருந்தாளே” என்று மட்டும் சொன்னார். நாலு பத்துக்குக் கீழே இறங்கி, பேருந்தைப் பிடித்தோம்.

ஒரு வாரம் கழித்து

‘எது நினைவிருக்கிறது?’ என்று மட்டும் கேட்டேன். காலையைப் பற்றிப் பேசியவர்கள் மூன்று பேர்: முழங்காலிட்ட கன்னோன், ஜிக்கோ-இன்னின் தட்டு மணி, ஜிஸோ பொம்மைகள். மூன்றும் கண்ணாலோ கையாலோ தொட்டவை. மத்தியானத்தைப் பற்றி எல்லோரும் பேசினார்கள், நிறையப் பேசினார்கள். சொல்லப்பட்ட தகவல்களும் சேர்ந்தே வந்தன. கென்ரெய்மொன்-இன் கதையைப் பையன் வரிசை மாறாமல் சொன்னான். தகவல் அதிகமானதால் காலை கெட்டது என்று முதலில் நினைத்தேன். அப்படியில்லை. தகவலும் இடமும் ஒரே நேரத்தில் ஒரே காதுக்காக மோதிக்கொண்டன. நடைபாதையில் காதும் மனமும் சும்மா இருக்கின்றன, கதை அங்கே போய் உட்காரும். கோவிலுக்குள் காதுக்கு வேறு வேலை இருக்கிறது.

அக்டோபர் கடைசியில் வேறு 6 பேரோடு அதே வழிகாட்டியைக் கூட்டிக்கொண்டு மறுபடி போனோம். இந்த முறை வரிசையைத் தலைகீழாக்கினோம்: காலையில் ஆளில்லாத ஜக்கோ-இன், வயல்கள், பிற்பகலில் ஹோசென்-இன், ஷோரின்-இன், கடைசியாக மூன்றரைக்கு சான்ஸென்-இன். கோவில்கள் நாலு. ஒரு ரிசீவரை மட்டும், அந்த அமிதா மண்டபத்து மொழிபெயர்ப்புக்காக, வழிகாட்டி வைத்துக்கொண்டார். குழு சின்னதாக இருந்ததால் அதற்கும் வேலை வரவில்லை. ஷோரின்-இன்னில் பொத்தானை அழுத்திவிட்டு, ஓதல் ஓய்ந்து முடியும்வரை யாரும் வாய் திறக்கவில்லை. ஒன்று மட்டும் குறைந்தது. பல நாள் மழையில்லாமல் ரியோவும் ரிட்சுவும் மெலிந்து ஓடின, அருவியும் அப்படித்தான். அதனால் அடுத்த நடையை மறுபடியும் ஜூன் மழைக்கே வைத்திருக்கிறோம். அம்மாவும் அந்த மாதத்துக்கு விமான டிக்கெட் போட்டிருக்கிறார்.